சிநேகம் வேண்டாம், கூட்டணி போதும்

போனைப் பாதியில் வைத்துவிட்டாய். சரி, காகிதத்தைப் பாதியில் வைக்க மாட்டாய் என்று நம்பி எழுத உட்கார்ந்திருக்கிறேன். நாளைக் காலை உன் அப்பா வேப்பனப்பள்ளியிலிருந்து முதல் பஸ் பிடித்து ஓசூருக்கு வருகிறார். அவர் கையில் மாங்காய் ஊறுகாயும் இந்தக் கடிதமும் வரும். ஊறுகாயை முதலில் திறப்பாய் என்று தெரியும், பரவாயில்லை, தொட்டுக்கொண்டே படி. "கூட்டணியாம் கூட்டணி! மானங்கெட்டவங்க வெச்ச பேரும்மா அது. அவன் பக்கத்துல ஒக்கார்றதுக்குப் பதிலா வேலைய வேணாம்னு எழுதிக் குடுத்துட்டு நான் பெங்களூருக்கே போயிடறன்" என்று கத்தினாயே, எனக்குக் காது அடைத்துவிட்டது. எதிர்வீட்டில் கூட என்னவோ ஏதோ என்று எட்டிப் பார்த்தார்கள்.

உன் கோபம் எனக்குப் புரியாமல் இல்லை. போன வருஷம் கேட் மீட்டிங்கில் அந்த தினேஷ், அத்தனை பேருக்கு முன்னால், உன்னை 'கம்பெனி ஆள்' என்று மைக்கில் சொன்னான். ராத்திரி பகல் பார்க்காமல் சங்க வேலை பார்த்தவனை அப்படிச் சொன்னால் எந்தப் பெற்றவளுக்கும் வயிறு எரியும். இன்றைக்கும் அவன் பெயரைக் கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. இப்போது உங்கள் சங்கமும் அவன் சங்கமும் கூட்டணி வைத்திருக்கின்றன. கவசம் கழற்றிய பிரஸ் மிஷினில் கை வைக்க மாட்டேன் என்று சொன்னதற்காக சஸ்பெண்ட் ஆன சுகன்யாவுக்கு வருகிற திங்கட்கிழமை என்கொயரி. அவள் பக்கம் உட்கார உங்கள் சங்கத்திலிருந்து நீ, அந்தச் சங்கத்திலிருந்து தினேஷ். நீ மாட்டேன் என்கிறாய். சாமல்பட்டியில் இருந்து வந்து, வாடகை ரூமில் தங்கி, தங்கச்சியைப் படிக்கவைக்கிற பெண் அவள் என்று நீதான் எனக்குச் சொன்னாய். அவளைப் பற்றி ஒரு வார்த்தையும் நேற்று உன் வாயில் வரவில்லை. எல்லாம் தினேஷ், தினேஷ், தினேஷ்தான்.

கூட்டணி என்ற அந்த வார்த்தையை நீ திட்டியபோதுதான் எனக்குச் சுருக்கென்றது. நீயும் நானும் இன்றைக்குச் சோறு தின்கிறோம் என்றால் அதில் அந்த வார்த்தைக்கும் பங்கு உண்டு. கதை உனக்கு அரைகுறையாகத் தெரியும். அம்மாவை ஒரு தடவை வேலையை விட்டு நிறுத்தினார்கள், பிறகு சேர்த்துக்கொண்டார்கள், அவ்வளவுதான் உனக்குச் சொல்லியிருக்கிறோம். முழுசாகச் சொல்கிறேன், கேள்.

அப்போது நான் ஓசூரில் வண்டிகளுக்கு ஒயர்க்கட்டு செய்கிற கம்பெனியில் இருந்தேன். நீ வயிற்றில். நகருகிற பெல்ட்டின் இரண்டு பக்கமும் பெண்கள் நின்று ஒயரைக் கோத்துக் கட்டிக்கொண்டே இருக்க வேண்டும். லைனை நிறுத்துகிற சிவப்பு பட்டன் ஒன்று இருந்தது, அதை சூப்பர்வைசர் மட்டும்தான் அமுக்கலாம். ஒரு நாள் எனக்கு எதிரே நின்ற ருக்மணியின் துப்பட்டா பெல்ட் உருளையில் மாட்டிக்கொண்டது. கழுத்தோடு இழுக்கிறது, அவளுக்குக் கத்தக்கூடக் குரல் வரவில்லை. நான் எட்டிப் போய் பட்டனை அமுக்கிவிட்டேன். லைன் நின்றது, ருக்மணி பிழைத்தாள், எனக்கு சஸ்பெண்ட் ஆர்டர் வந்தது. அனுமதியில்லாமல் உற்பத்தியை நிறுத்தினேனாம். துப்பட்டா எதிலும் மாட்டவே இல்லை என்று எழுதி, ருக்மணியிடமே கையெழுத்தும் வாங்கிவிட்டார்கள். அவள் பாவம், என்ன செய்வாள்? அவள் புருஷன் படுத்த படுக்கையாக இருந்தான்.

அந்தக் கம்பெனியில் இரண்டு சங்கம். என் சங்கத்துத் தலைவர் நஞ்சப்பா, வீட்டில் கன்னடம் பேசுகிறவர். ருக்மணியின் சங்கத்துத் தலைவர் வெங்கடேசலு, தெலுங்கு பேசுகிறவர். ஒரு காலத்தில் இருவரும் ஒரே சங்கம்தான். நஞ்சப்பா பாதிப் பேரைப் பிரித்துக்கொண்டு போனார். வெங்கடேசலு அவரை மேடையேறி 'கம்பெனி ஆள், பொய்யன்' என்றார். ஆமாம் சாமி, உனக்குக் கிடைத்த அதே பட்டம்தான். புதிசாக ஒன்றும் யாரும் கண்டுபிடிப்பதில்லை. அன்றிலிருந்து இருவரும் கீரியும் பாம்பும். ஒருவர் டீ குடிக்கிற கடையில் இன்னொருவர் தண்ணீர்கூடக் குடிக்க மாட்டார். ஆனால் எனக்கு வேலை திரும்ப வேண்டுமென்றால் இருவரும் வேண்டும். அன்றைக்கு ஷிஃப்டில் நின்று கண்ணால் பார்த்தவர் நஞ்சப்பா. ருக்மணிக்குத் தைரியம் சொல்லி அவளை உண்மை பேசவைக்க வெங்கடேசலு ஒருவரால்தான் முடியும். இதை உன் அப்பாவிடம் சொன்னபோது, திருநெல்வேலிக்காரர் பேச்சு உனக்குத் தெரியுமே, "ஏட்டி, அந்த ரெண்டு பேரும் ஒண்ணா வந்தா ஓசூர்ல வெள்ளம்லா வரும்" என்று சிரித்தார். சிரித்துவிட்டு, அன்றைக்கு மாலையே சைக்கிளை எடுத்துக்கொண்டு இரண்டு வீட்டுக்கும் போனார்.

இருவரும் வந்தார்கள். ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போக மாட்டார்கள், சங்க ஆபீஸுக்கும் போக மாட்டார்கள், அதனால் எங்கள் வாடகை வீட்டின் முன்னறையில் சந்திப்பு. நஞ்சப்பா வாசல் வழியாக வந்தார். அவர் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துவிட்டு வெங்கடேசலு சுற்றிக்கொண்டு சமையலறை வழியாக வந்தார். ஒருவர் நாற்காலியில், ஒருவர் கட்டிலில், நடுவில் தரையில் நான். வெங்கடேசலு தெலுங்கில் என்னிடம் சொல்வார்: "வாடிகி செப்பம்மா, ருக்மணிய நான் கூட்டியாறன். ஆனா அவ வேலைக்கு ஒண்ணும் வரக் கூடாது." 'வாடிகி செப்பு' என்றால் அவனுக்குச் சொல். நான் நஞ்சப்பா பக்கம் திரும்பி அதையே சொல்ல வேண்டும். அவர் மோட்டுவளையைப் பார்த்துக்கொண்டு கன்னடத்தில் பதில் சொல்வார், "அவனிகே ஹேளம்மா" என்று, அதற்கும் அதே அர்த்தம்தான். நான் இந்தப் பக்கம் திரும்புவேன். இதில் வேடிக்கை என்னவென்றால், இருவருக்கும் மூன்று மொழியும் தண்ணீர் பட்ட பாடு. அடுத்தவர் சொன்னது அப்படியே காதில் விழுகிறது, புரிகிறது. ஆனாலும் நான் திருப்பிச் சொல்கிறவரை முகத்தில் ஒரு அசைவு இருக்காது. ஒரு தடவை வாந்தி வருகிற மாதிரி இருந்து நான் பேசாமல் இருந்துவிட்டேன். இரண்டு பெரிய மனிதர்களும் நான் மூச்சு வாங்கி முடிக்கிறவரை பொறுமையாகக் காத்திருந்தார்கள். எழுந்து வெளியே ஓடிவிட எனக்கு எத்தனை ஆசையாக இருந்தது தெரியுமா?

பேச்சு நல்லபடி போகிறது என்று எனக்குச் சந்தோஷம் தலைக்கேறிவிட்டது. அங்கேதான் ஒரு கூத்து நடந்தது. உள்ளே போய் போண்டா சுட்டு, பெரிய தட்டு ஒன்றில் குவித்து, இருவருக்கும் நடுவில் கொண்டுவந்து வைத்து, "ரெண்டு பேரும் எடுத்துக்குங்கண்ணா" என்றேன். வெங்கடேசலு சும்மா இருந்திருக்கலாம். "சூடும்மா, பொத்து அண்டே இதே" என்று சிரித்தார், பாரம்மா, பொத்து என்றால் இதுதான் என்று. தெலுங்கில் கட்சிகள் தேர்தலுக்குச் சேர்ந்தால் பொத்து என்பார்கள். ஒரே தட்டில் சேர்ந்து சாப்பிடுவதற்கும் அங்கே அதே பெயர் உண்டு. நஞ்சப்பா சடாரென்று எழுந்துவிட்டார். "ஏம்மா, நான் வந்தது ஒன் வேலைக்காக. இவனோட ஒரே தட்டுல கை வெக்கறதுக்கா வந்தன்?" என்று செருப்பை மாட்டப் போனார். என் வேலை, உன் பிரசவம், வீட்டு வாடகை எல்லாம் அந்தச் செருப்போடு வாசல்படி இறங்குகிறது. ஓடிப் போய் இன்னொரு தட்டு எடுத்து வந்து, போண்டாவை எண்ணி எண்ணி இரண்டு தட்டிலும் சமமாகப் போட்டேன். அதைப் பார்த்துவிட்டு நஞ்சப்பா திரும்பி வந்து உட்கார்ந்து, தன் தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

சமாதானம் ஆனதும் அடுத்த சிக்கல். கேட்டில் ஒரு நோட்டீஸ் ஒட்ட வேண்டும், இரண்டு சங்கமும் இந்த விஷயத்தில் சேர்ந்திருக்கிறது என்று எல்லாருக்கும் தெரிய வேண்டும். அதற்கு என்ன பெயர் போடுவது? பொத்து என்பதை நஞ்சப்பா ஏற்க மாட்டார், அது போண்டாவிலேயே முடிந்துவிட்டது. "மைத்ரின்னு போடு, எங்க பேப்பர்ல அப்டித்தான் போடுவாங்க" என்றார் நஞ்சப்பா. இப்போது வெங்கடேசலு துள்ளினார்: "மைத்ரின்னா சிநேகம்மா! இவனுக்கும் எனக்கும் என்னா சிநேகம்? நாளைக்கி என் ஆளுங்க மூஞ்சில நான் எப்டி முழிப்பன்?" நான் பேனாவை வைத்துக்கொண்டு திருதிருவென்று விழித்தேன். அப்போது டெல்லியில் ஆட்சி கவிழ்வதும் சேர்வதுமாக இருந்த காலம், ரேடியோவைத் திறந்தால் கூட்டணி, மூடினால் கூட்டணி. அது வாயில் வந்துவிட்டது. "கூட்டணின்னு போடட்டுமாண்ணா?" என்றேன். நஞ்சப்பா சந்தேகமாக, "அதுல என்னா அர்த்தம் இருக்குது?" என்று கேட்டார். அதுவரை எத்தனையோ ஆயிரம் தடவை காதில் வாங்கிய வார்த்தையை அன்றைக்குத்தான் முதல் தடவையாகப் பிரித்துப் பார்த்தேன். "கூட்டுன்னா சேந்து செய்யறது. அணின்னா வரிசை. ஸ்கூல்ல அணிவகுப்புன்னு நிப்பமே, அது. சேந்து வரிசையா நிக்கறது, அவ்வளவுதான்" என்றேன். "சாப்பட்றது, சிநேகம், அதெல்லாம் இல்லியே?" என்றார் வெங்கடேசலு. இல்லை என்றேன். "நிக்கறதுன்னா நிக்கலாம்" என்றார் நஞ்சப்பா, மோட்டுவளையைப் பார்த்து. "எழுதும்மா" என்றார் வெங்கடேசலு.

அன்றைக்குப் பிடித்த பைத்தியம் எனக்கு இன்னும் விடவில்லை. நீ பள்ளிக்கூடம் போன காலத்தில் உன்னை விட்டுவிட்டு நூலகத்தில் போய் அகராதியைப் புரட்டியிருக்கிறேன். அணி என்பது எத்தனை பழைய சொல் தெரியுமா? படை வரிசைக்கு அணி, கழுத்தில் போடுகிற நகைக்கு அணி, பாட்டில் வருகிற அழகுக்கும் அணி. ஒவ்வொன்றும் தன் இடத்தில் தனியாக நின்றால்தான் வரிசை, தனித்தனி மணி இருந்தால்தான் மாலை. உருக்கி ஒரே கட்டியாக்கினால் அது அணியே இல்லை என்று தோன்றியபோது, நூலகத்து பெஞ்சில் வாயைப் பிளந்துகொண்டு உட்கார்ந்திருந்தேன். கூட்டு என்பதும் அப்படித்தான். நம் பக்கத்தில் சாலைகள் சேருகிற இடத்தை கூட்டு ரோடு என்கிறோம். மூன்று பாதையும் அங்கே சேரும், பஸ் மாறுவோம், டீ குடிப்போம், பிறகு அதது தன் ஊருக்குப் போகும், யாரும் அதைத் துரோகம் என்று சொல்வதில்லை. இந்த இரண்டு பழைய சொல்லையும் கொண்டுவந்து ஒட்டவைத்தது யார் என்று எந்த அகராதியும் எனக்குச் சொல்லவில்லை. ஏதோ ஒரு பத்திரிகை ஆபீஸில், ஏதோ ஒரு அவசரத்தில், பேர் தெரியாத ஒரு மனுஷர் செய்திருப்பார் என்று நினைத்துக்கொள்வேன். மகராசன், எந்த ஊரில் பிறந்தவரோ! இன்னொன்றும் கேள். தெலுங்குப் பேப்பரில் பொத்து மட்டுமில்லை, கூட்டமி என்றும் எழுதுகிறார்கள். கன்னடத்தில் மைத்ரிகூட்டா என்கிறார்கள். மூன்றுக்குள்ளும் கூடு, அதாவது சேர், என்கிற அந்த ஒரே வேர் உட்கார்ந்திருக்கிறது. முன்னறையில் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்த இரண்டு பேரும் பிறந்ததிலிருந்து ஒரே வேரைத்தான் நாக்கில் வைத்திருந்தார்கள் என்று தெரிந்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. உனக்கு இது பெரிசாகத் தெரியாமல் போகலாம். எனக்கு ஆச்சரியம் அடங்கவே இல்லை.

சரி, என்கொயரிக்கு வருகிறேன். விசாரிக்க வந்தவர் கம்பெனி வைத்த, கோட்டு போட்ட வக்கீல், நல்ல கெட்டிக்காரர். கம்பெனிக்கு எப்போதும் ஒரு வழக்கம் உண்டு. ஒரு சங்கத்தைத் தனியாகக் கூப்பிட்டு, அவர்கள் ஒத்துக்கொண்டார்கள், நீங்கள் ஏன் வம்பு செய்கிறீர்கள் என்பார்கள். அன்றைக்கு அது பலிக்கவில்லை, இரண்டு பேரும் எதிரிலேயே இருந்தார்கள். ருக்மணி அழுதுகொண்டே, ஆனால் தெளிவாக, துப்பட்டா மாட்டியது உண்மை என்று சொல்லிவிட்டாள். நஞ்சப்பா தான் பார்த்ததைச் சொன்னார். வக்கீல் விடவில்லை. வெங்கடேசலு பக்கம் திரும்பி, "நஞ்சப்பா பொய்யர்னு நீங்களே மேடையில பேசியிருக்கீங்க. இப்ப அவர் சொல்ற சாட்சியை நாங்க எப்படி நம்பறது?" என்று கேட்டார். இல்லை, அப்படி நான் பேசவே இல்லை என்று வெங்கடேசலு மறுத்தால் அது பொய், பேசியது அத்தனை பேருக்கும் தெரியும். ஆமாம் என்றால் என் கதை முடிந்தது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு எல்லா சாமியையும் கூப்பிட்டேன்.

வெங்கடேசலு நிதானமாகச் சொன்னார்: "அவன் பொய்யன்தான் சார். அத நான் வெளிய வந்தாலும் சொல்லுவன். ஆனா இந்தப் பொண்ணு விஷயத்துல அவன் சொல்றது நெஜம்."

நான் நஞ்சப்பாவைப் பார்த்தேன். திட்டு வாங்கிய மனுஷர், கோபப்படவும் இல்லை, எழுந்து போகவும் இல்லை, உட்கார்ந்த இடத்தில் உட்கார்ந்திருந்தார். அவர் எழுந்து போயிருந்தால் நான் என்ன ஆகியிருப்பேன் சொல்? நட்புக்காக நிற்பதை நான் நிறையப் பார்த்திருக்கிறேன், அது எல்லாராலும் முடியும். பிடிக்காதவன் பக்கத்தில், அவன் திட்டிக்கொண்டிருக்கும்போதே, மூன்றாவது ஆளுக்காக நகராமல் உட்கார்வதை அன்றைக்குத்தான் பார்த்தேன். இத்தனை பெரிய காரியத்தை இந்த மனுஷர்கள் எங்கே கற்றார்களோ! சில நாளில் எச்சரிக்கைக் கடிதம் ஒன்று கொடுத்து என்னை வேலைக்கு எடுத்துக்கொண்டார்கள். ருக்மணிக்கும் ஒன்றும் ஆகவில்லை.

பிறகு இருவரும் கட்டிப் பிடித்துக்கொண்டார்கள் என்று எழுதுவேன் என்று பார்க்கிறாயா? ஒரு மண்ணும் இல்லை. வெளியே வந்ததும் ஒருவர் பைக் பாகலூர் ரோட்டுப் பக்கம் போனது, மற்றவர் பைக் தேன்கனிக்கோட்டை ரோட்டுப் பக்கம் போனது. எந்தச் சங்கத்துக்கு அங்கீகாரம் என்று அடுத்து நடந்த தேர்தலில் இருவரும் எதிரெதிரே நின்று, மைக் கிழிகிற அளவுக்குத் திட்டிக்கொண்டார்கள். நீ அப்போது கைக்குழந்தை. ஓட்டு கேட்டு இருவரும் வேறு வேறு நாளில் நம் வீட்டுக்கு வந்தார்கள். உன்னைத் தூக்கிக் கொஞ்சினார்கள், போட்டியாளரைப் பற்றி இல்லாததும் பொல்லாததும் சொன்னார்கள். ஆனால் 'உன் வேலையை நான்தான் மீட்டுக் கொடுத்தேன், அதனால் எனக்கு ஓட்டுப் போடு' என்று இருவருமே என்னிடம் சொல்லவில்லை. அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. அவர்கள் போனதும் உன் அப்பா, "என்ன மனுசங்கட்டி இவங்க" என்று ஒன்றும் புரியாமல் தலையைச் சொறிந்தார். யாருக்கு ஓட்டுப் போட்டேன் என்று நான் இதுவரை உன் அப்பாவுக்கே சொன்னதில்லை, உனக்கும் சொல்ல மாட்டேன்.

ஆகவே கண்ணா, தினேஷை மன்னித்துவிடு என்று நான் சொல்லவில்லை. எனக்கே அவனை மன்னிக்க மனசு வரவில்லை. அவனோடு டீ குடிக்காதே, கை கொடுக்காதே, வேண்டுமானால் மோட்டுவளையைப் பார்த்துக்கொண்டு பேசு. அடுத்த தேர்தலில் அவனை எதிர்த்து நின்று ஜெயி, நான் வந்து மாலை போடுகிறேன். பெங்களூருக்குப் போவதென்றாலும் போ. எல்லை என்ன ஏழு கடலா, அத்திப்பள்ளி வந்தால் கர்நாடகா, எத்தனையோ பேர் தினமும் போய் வருகிறார்கள். நல்ல சம்பளம், நல்ல கம்பெனி, உன் அப்பாவுக்கும் உள்ளுக்குள் ஆசைதான். ஆனால் செவ்வாய்க்கிழமை போ. மானம் என்று ஒன்று உனக்கு இருப்பது எனக்குப் பெருமைதான். அதற்கு விலை கொடுக்கிறவள் சுகன்யாவாக இருக்கக் கூடாது என்றுதான் சொல்கிறேன்.

திங்கட்கிழமை அவன் உனக்கு முன்னாலேயே வந்து உட்கார்ந்திருந்தால், திரும்பி நடக்கத்தான் உனக்குக் கால் வரும். அந்த நேரத்தில் அவனைப் பார்க்காதே, கதவைப் பார். சுகன்யா அந்தக் கதவைத் திறந்துகொண்டு உள்ளே வரும்போது விசாரிக்க வந்தவரைப் பார்க்க மாட்டாள், மேஜையில் இருக்கிற காகிதத்தையும் பார்க்க மாட்டாள். தன் நாற்காலிக்கு அந்தப் பக்கம் ஆள் இருக்கிறதா, இந்தப் பக்கம் ஆள் இருக்கிறதா என்றுதான் பார்ப்பாள். நானும் அதைத்தான் பார்த்தேன்.